கூரைமேல் ஓர் ஆன்டெனா

அந்தக் காட்சி மொத்தமே 11 விநாடி. வெள்ளம் புகுந்த ஒரு தெரு. இடுப்பளவுத் தண்ணீரில் இரண்டு பேர் ஒரு கட்டிலைத் தலைமேல் தூக்கிக்கொண்டு நடக்கிறார்கள். கேமரா மெதுவாக வலப்பக்கம் திரும்பி, வீட்டுக் கூரையில் ஏறி உட்கார்ந்திருக்கும் ஒரு குடும்பத்தின் மேல் வந்து நிற்கிறது. ஓர் ஆவணப்படத்துக்காக நான் தேடிப் பிடித்துக் கொடுத்த காட்சி அது. 1941 வெள்ளம் என்று திரையில் எழுத்துப் போட்டார்கள். டப்பாவின் மேல் அப்படித்தான் எழுதியிருந்தது. நானும் அப்படியே எழுதிக் கொடுத்தேன்.

படம் ஒளிபரப்பாகி இரண்டு வாரம் இருக்கும். வயதான ஒருவர் தொலைபேசியில் அழைத்தார். குரலில் கோபமே இல்லை. “தம்பி, அந்தக் குடும்பத்துக்குப் பின்னாடி ஒரு மாடி வீடு தெரியுது பாருங்க. அது மேல டிவி ஆன்டெனா இருக்கு. எங்க ஊருக்கு டிவி வந்ததே 59லதான். அது 62 வெள்ளம். எனக்கு அப்ப 14 வயசு” என்றார்.

போட்டுப் பார்த்தேன். இருந்தது. மீன்முள்ளைக் குத்தி நிறுத்தியதுபோல் மெல்லிய கோடுகளாக, வானத்தோடு சேர்ந்து மங்கலாக. அந்தக் காட்சியை முப்பது தடவையாவது பார்த்திருப்பேன். முகங்களைப் பார்த்தேன், தண்ணீரைப் பார்த்தேன், கட்டிலைப் பார்த்தேன். கூரையைப் பார்க்கவில்லை.

பழைய படச்சுருள்களைச் சோதித்துப் பராமரிப்பதும், கேட்பவர்களுக்கு அவற்றிலிருந்து காட்சி தேடிக் கொடுப்பதும் என் வேலை. பிலிம் கெட்டுப்போகிறது, நெருப்பில் போகிறது என்று எல்லோரும் கவலைப்படுகிறார்கள். கவலைப்பட வேண்டியதுதான். ஆனால் பிலிமுக்கு முன்னாலேயே கெட்டுப்போகிற ஒன்று இருக்கிறது. அது என்ன, எங்கே, எப்போது, யார் எடுத்தது என்ற தகவல். அதைப் பற்றித்தான் எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த ரீலைக் குளிர் அறையிலிருந்து எடுக்கச் சொன்னேன். சொன்ன உடனே பார்த்துவிட முடியாது. குளிரிலிருந்து நேரே வெளியே எடுத்துத் திறந்தால் காற்றில் இருக்கிற ஈரம் பிலிமின் மேல் படியும். படம் இருக்கும் எமல்ஷன் அடுக்கு ஜெலட்டின். ஈரத்தை அப்படியே குடித்துவிடும். அதனால் டப்பாவை மூடிய உறைக்குள்ளேயே வைத்து, ஒரு நாள் முழுக்க அறைச் சூட்டுக்கு வரவிட வேண்டும். அந்த ஒரு நாள் எனக்கு நீளமாக இருந்தது.

மேசையில் இரண்டு பக்கமும் ரீவைண்டர், நடுவில் விளக்குப் பெட்டி, கையில் உருப்பெருக்கி. பிலிமை ஓரத்தில் மட்டும் பிடித்து, மெல்ல மெல்லச் சுற்ற வேண்டும். 35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டகம், அதாவது 16 தனித்தனிப் படம். விநாடிக்கு 24 சட்டகம் ஓடும். 11 விநாடி என்றால் 264 சட்டகம், பதினாறரை அடி. கை இரண்டையும் விரித்து மூன்று முழு வீச்சு. கடைசி நாலு அடியில்தான் அந்த மாடி வீடு வருகிறது.

கருவியின் பல்சக்கரம் மாட்டுகிற பல்துளைகளுக்கு வெளியே, பிலிமின் ஓரத்தில், தயாரித்த நிறுவனம் பொடி எழுத்தில் தன் பெயரைப் பதித்திருக்கும். கோடாக் நிறுவனம் 1916இலிருந்து அதோடு ஆண்டுக் குறியும் போட்டு வந்தது. வட்டம், சதுரம், முக்கோணம் ஆகிய மூன்றையும் மாற்றி மாற்றிச் சேர்த்து ஆண்டுக்கு ஒரு குறி. 1916க்கு ஒரு வட்டம், 1917க்கு ஒரு சதுரம், 1918க்கு ஒரு முக்கோணம், இப்படி. 20 ஆண்டு ஆனதும் அதே வரிசை மறுபடி முதலிலிருந்து வரும். இந்த ரீலின் ஓரத்தில் இரண்டு முக்கோணம். முதல் தடவை சோதித்தபோதே அதைப் பார்த்தேன். அட்டவணையில் 1941 என்று இருந்தது. டப்பாவிலும் 1941. சரி, பொருந்திவிட்டது என்று மூடி வைத்தேன்.

அதே வரியில், இரண்டு பக்கத்திலும், 1921, 1961 என்றும் போட்டிருந்தது.

இன்னொன்றும் என் கண்முன்னாலேயே இருந்தது. குறிக்குப் பக்கத்தில் ‘சேஃப்டி’ என்ற சொல். எளிதில் தீப்பற்றாத அசிடேட் பிலிம் என்று அர்த்தம். 1950களின் தொடக்கம் வரை 35 மில்லிமீட்டர் படங்கள் பெரும்பாலும் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் பிலிமில்தான் எடுக்கப்பட்டன. கோடாக் 1948இல் டிரையசிடேட் என்ற அசிடேட் வகைப் பிலிமைக் கொண்டுவந்தது, அடுத்த சில ஆண்டுகளில் நைட்ரேட் நின்றுபோனது. 1941இல் எடுத்த 35 மில்லிமீட்டர் நெகட்டிவ் அசிடேட்டில் இருக்கிறது என்றால் அந்த இடத்திலேயே கை நின்றிருக்க வேண்டும். என் கை நிற்கவில்லை, ஏனென்றால் டப்பா முதலிலேயே பதில் சொல்லிவிட்டது. பதில் கிடைத்த பிறகு யாரும் கேள்வி கேட்பதில்லை.

இந்தக் குறி சொல்வது பிலிம் தயாரான ஆண்டை மட்டும்தான். வாங்கி ஓரிரு ஆண்டு வைத்திருந்து படம் பிடித்திருக்கலாம். 1961இல் தயாரான பிலிம், 1962இல் வந்த வெள்ளம். பெரியவர் சொன்னது சரியாகப் பொருந்தியது.

எனக்கு வேலை கற்றுக்கொடுத்தவர் ஒரு விஷயத்தைச் சொல்லிக்கொண்டே இருப்பார். ஓரத்து எழுத்து கறுப்பா வெளுப்பா என்று முதலில் பார். பிரின்ட் ஒன்றைக் கையில் எடுத்தால், தெளிவான ஓரத்தில் கறுப்பாக இருக்கிற எழுத்து அந்தப் பிலிமின் சொந்த எழுத்து. கறுப்பு ஓரத்தில் வெள்ளையாக இருந்தால் அது நெகட்டிவிலிருந்து அச்சாகி வந்தது. தாயின் எழுத்து மகள் மேல் இருக்கிறது என்பார். நைட்ரேட் நெகட்டிவிலிருந்து எடுத்த சேஃப்டி பிரின்டில் ‘நைட்ரேட்’ என்ற சொல்லும் வெள்ளையாகப் படிந்திருக்கும். நெகட்டிவிலேயே ஒரு பிரதியின் பிரதி என்றால் இரண்டு தலைமுறை எழுத்தும் ஒன்றன்மேல் ஒன்றாக இருக்கும். ஒரு ரீல் எத்தனை கை மாறி வந்தது என்பதைப் படத்தைப் பார்க்காமலே, ஓரத்தை மட்டும் பார்த்துச் சொல்லிவிடுவார் அவர். ஒட்டு எந்த வகை, பல்துளை சதுரமா உருண்டையா, எத்தனை பல் கிழிந்திருக்கிறது என எல்லாவற்றையும் சீட்டில் எழுதச் சொல்வார். படத்தில் இருப்பதைக் கடைசியில்தான் எழுதவிடுவார்.

சரி, 1941 என்று எழுதியது யார்? காகிதக் கோப்பைத் தேடி எடுத்தோம். அந்த ரீல் 1970களில் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்காக வெளியே போயிருந்தது. நிகழ்ச்சி 1941 வெள்ளத்தைப் பற்றியது. அந்த வெள்ளத்தை யாரும் படம் பிடிக்கவில்லை, அதனால் இருபது ஆண்டு பிந்திய வெள்ளத்தை எடுத்துப் போட்டார்கள். ரீல் திரும்பி வந்தபோது கூடவே வந்த சீட்டில் நிகழ்ச்சியின் பொருள் எழுதியிருந்தது. பழைய டப்பா துருப்பிடித்ததும் புதிய டப்பாவுக்கு மாற்றியவர் அந்தச் சீட்டைப் பார்த்து எழுதினார். யாரும் பொய் சொல்லவில்லை. ஒவ்வொருவரும் தனக்கு முன்னால் இருந்த காகிதத்தை நம்பினார்கள், கடைசியில் நான்.

இப்படி இடம் மாறிய காட்சிகள் உலகம் முழுக்க இருக்கின்றன. முதல் உலகப்போரைப் பற்றிய ஆவணப்படங்களில் பதுங்குகுழியிலிருந்து வீரர்கள் ஏறி ஓடுகிற காட்சி ஒன்று அடிக்கடி வரும். ஏறும்போதே ஒருவர் சரிந்து விழுவார். அது 1916இல் பிரான்சின் சோம் போர்முனையைப் பற்றி வெளிவந்த பிரிட்டிஷ் படத்திலிருந்து எடுத்தது. அந்தப் படத்தின் பெரும்பகுதி உண்மையாகவே போர்முனையில் எடுக்கப்பட்டது. இந்தக் குறிப்பிட்ட ஷாட் மட்டும் முன்னணிக்குப் பின்னால் நடித்து எடுத்தது என்று ஆய்வாளர்கள் சுட்டிக்காட்டி வெகுகாலம் ஆகிறது. ஆனாலும் அது போர் என்றே திரும்பத் திரும்ப வருகிறது. 1917 ரஷ்யப் புரட்சியில் குளிர்கால அரண்மனை கைப்பற்றப்பட்டதை யாரும் படம் பிடிக்கவில்லை. பத்தாண்டு கழித்து சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் எடுத்த கதைப்படத்தின் காட்சிகள்தான் அதன் செய்திப்படம்போல் உலவுகின்றன. பார்க்க நன்றாக இருக்கிற காட்சிதான் இப்படி ஊர் சுற்றுகிறது. மங்கலான, உண்மையான காட்சி டப்பாவிலேயே கிடக்கிறது.

பிலிம் கெடுவதைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் இரண்டும் சேர்ந்தேதான் நடக்கிறது.

நைட்ரேட் பிலிம் துப்பாக்கிப் பஞ்சு என்ற வெடிபொருளுக்கு உறவு. எரிவதற்கு வேண்டிய ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருப்பதால் தண்ணீருக்கு அடியிலும் எரியும். பற்றிக்கொண்டால் அணைக்க முடியாது. எரியாவிட்டாலும் மெல்ல மட்கும். முதலில் படம் பழுப்பேறி மங்கும், பிறகு சுருள் பிசுபிசுத்து ஒட்டும், கொப்புளம் கிளம்பும், கெட்டியாக ஒரே கட்டியாகிவிடும், கடைசியில் டப்பாவில் பழுப்புத் தூள்தான் இருக்கும். அந்தத் தூளை ஒரே ஒரு தடவை பார்த்திருக்கிறேன். டப்பாவின் மேல் அழகான கையெழுத்தில் தலைப்பும் தேதியும் இருந்தன. அங்கே மட்டும் தகவல் பிழைத்து, படம் போயிருந்தது.

அசிடேட் பாதுகாப்பானது என்றுதான் வந்தது. தீ விஷயத்தில் உண்மை. ஆனால் அதற்கு வினிகர் நோய் வரும். பிலிமின் அடித்தளம் சிதைந்து அசிட்டிக் அமிலம் வெளியாகிறது. அந்த அமிலமே மேலும் சிதைவைத் தூண்டுகிறது. டப்பாவைத் திறந்தால் காடி நெடி மூக்கில் ஏறும். பிலிம் சுருங்கும், அலை அலையாக வளையும், எமல்ஷன் தனியாக உரியும். அமிலத்தை அளக்க ஒரு சிறு நீலக் காகிதத் துண்டை டப்பாவுக்குள் போட்டு மூடி வைப்போம். அது பச்சையானால் ஆபத்து, மஞ்சளானால் உடனே பிரதி எடுத்தாக வேண்டும். இந்தக் காகிதத்தை உருவாக்கிய ராசெஸ்டர் நகரத்து இமேஜ் பெர்மனன்ஸ் இன்ஸ்டிடியூட்டின் கணக்குப்படி, 21 டிகிரி வெப்பத்தில், 50 சதவீத ஈரப்பதத்தில் வைத்த புதிய அசிடேட் பிலிமுக்கு நோய் தொடங்க ஏறக்குறைய 40 ஆண்டு. குளிரவைத்தால் அது நூற்றாண்டுக் கணக்காகிவிடும். எங்கள் தொழிலில் குளிருக்கு நிகரான மருந்து வேறில்லை. நோய் வந்த ரீலை நல்ல ரீல்களோடு ஒரே அறையில் வைக்கக்கூடாது, ஆவி பரவும்.

வண்ணப் பிலிமுக்கு வேறு துன்பம். இருட்டில் மூடி வைத்திருந்தாலும் சாயம் வெளுக்கும். நீலப்பச்சைச் சாயம் முதலில் போய், 1950களிலிருந்து 70கள் வரை எடுத்த பிரின்டுகள் முழுக்கச் சிவப்பேறி நிற்கும்.

இத்தனைக்கும் பிறகு எஞ்சியது கொஞ்சம்தான். அமெரிக்காவில் 1912 முதல் 1929 வரை வெளியான ஏறக்குறைய 11,000 மௌன முழுநீளப் படங்களில், முதலில் வெளியான வடிவிலேயே எஞ்சியிருப்பவை 14 சதவீதம் என்று அந்நாட்டு நாடாளுமன்ற நூலகம் 2013இல் வெளியிட்ட ஆய்வு சொல்கிறது. பத்திரப்படுத்துங்கள் என்று யாரும் சொல்லாமல் இல்லை. சினிமா பிறந்து மூன்றே ஆண்டில், 1898இல், போலெஸ்வாவ் மாட்டுஷெவ்ஸ்கி என்ற போலந்துக் கேமராக்காரர் பாரிஸில் ஒரு சிறு நூல் அச்சிட்டு, படங்கள் வரலாற்றுச் சான்று, அவற்றுக்கு ஒரு காப்பகம் வேண்டும் என்று கேட்டார். திரைப்படக் காப்பகங்களின் சர்வதேசக் கூட்டமைப்பு உருவானது 1938இல். இடையில் போனது போனதுதான்.

1978ஐ நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனது ஒருமாதிரி ஆகும். அந்த ஆண்டு கனடாவின் வடமேற்கில் டாசன் நகரில் ஒரு பழைய பனிச்சறுக்குத் தளம் இருந்த இடத்தைத் தோண்டினார்கள். உள்ளே 500க்கும் மேற்பட்ட நைட்ரேட் ரீல்கள். படங்கள் ஊர் ஊராக ஓடி முடிந்து கடைசியாக வந்து சேர்கிற ஊர் அது. திருப்பி அனுப்பும் செலவை விநியோகஸ்தர்கள் ஏற்க விரும்பவில்லை. அதனால் அங்கேயே குவிந்தன. 1929இல் ஒரு நீச்சல் குளத்தை மேடாக்க அவற்றைப் போட்டு மூடினார்கள். உறைந்த மண் அரை நூற்றாண்டு அவற்றைக் காத்தது. பல ரீல்களில் ஓரம் ஈரத்தில் கரைந்து வெள்ளை அலைகள் துடிக்கின்றன, நடுவில் முகங்கள் இருக்கின்றன. அதே 1978 டிசம்பரில் அமெரிக்காவின் சூட்லண்டில் தேசிய ஆவணக்காப்பகத்தின் நைட்ரேட் கிடங்கு தீப்பற்றி, யுனிவர்சல் செய்திப்படத்தின் 1 கோடியே 26 லட்சம் அடி எரிந்தது. எரிந்தவை பெரும்பாலும் வெளியிடாத மிச்சக் காட்சிகள். என்னைப் போல் தேடுகிறவனுக்கு அவைதான் முக்கியம். வெளியான செய்திப்படத்தில் மூன்று விநாடி வருகிற கூட்டம், மிச்சத்தில் மூன்று நிமிடம் இருந்திருக்கும்.

காப்பாற்ற வேண்டும் என்று நினைக்காமலே காப்பாற்றப்பட்டவையும் உண்டு. அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டம் 1912 வரை சினிமாவை ஒரு தனி வகையாக ஏற்கவில்லை, புகைப்படத்தை ஏற்றது. அதனால் படம் எடுத்தவர்கள் ஒவ்வொரு சட்டகத்தையும் நீளமான காகிதச் சுருளில் புகைப்படமாக அச்சிட்டு, பதிவுக்குக் கொடுத்தார்கள். நைட்ரேட் எல்லாம் அழிந்த பிறகும் 3,000க்கும் மேற்பட்ட காகிதச் சுருள்கள் நாடாளுமன்ற நூலகத்தில் இருந்தன. பிற்பாடு அவற்றைத் திரும்பச் சட்டகம் சட்டகமாகப் பிலிமுக்கு மாற்றினார்கள். பதிவுக்காக வந்தவை என்பதால் ஒவ்வொன்றோடும் பெயரும் தேதியும் இருக்கிறது. அந்தக் குமாஸ்தாக்களை நான் மனதாரக் கும்பிடுகிறேன்.

1994இல் இங்கிலாந்தின் பிளாக்பர்ன் நகரில் ஒரு பழைய கடையைக் காலி செய்தபோது மூன்று உலோகப் பீப்பாய்கள் கிடைத்தன. உள்ளே 800க்கும் மேற்பட்ட நெகட்டிவ்கள். மிட்செல், கென்யன் என்ற இருவர் 1900ஐ ஒட்டி எடுத்தவை. ஆலை விட்டு வெளியே வருகிற தொழிலாளர்கள், தெருக்கள், டிராம்கள், கால்பந்து ஆட்டங்கள். எந்த ஆலை, எந்தத் தெரு, எந்த நாள்? பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட்டும் ஷெஃபீல்டு பல்கலைக்கழகமும் சேர்ந்து உட்கார்ந்தன. சுவரொட்டி, கடைப் பலகை, டிராமின் எண், அந்தக் காலத்து உள்ளூர்ப் பத்திரிகையில் வந்த திருவிழா விளம்பரம் என ஒவ்வொன்றாகப் பொருத்தினார்கள். பீப்பாய் கிடைத்தது ஒரு நாள் வேலை. அதில் இருப்பது என்னவென்று கண்டுபிடித்தது பல ஆண்டு வேலை. எனக்கு அந்தப் பல ஆண்டுகள்தான் மறுபடி மறுபடி நினைவுக்கு வருகின்றன.

தேடுவது எப்படி என்று கேட்பவர்களுக்கு நான் முதலில் சொல்வது, இன்றைய பெயரை மறந்துவிடுங்கள். அன்று அதை என்னவென்று அழைத்தார்கள்? 1918இல் எழுதிய பட்டியல் அட்டையில் ‘முதல் உலகப்போர்’ என்று இருக்காது. இரண்டாவது வரும் என்று யாருக்குத் தெரியும்? செயின்ட் பீட்டர்ஸ்பர்க் 1914இல் பெட்ரோகிராட் ஆனது, 1924இல் லெனின்கிராட், 1991இல் மறுபடி பழைய பெயர். ஒரே தெருவைத் தேட மூன்று ஊர்ப் பெயர் வேண்டும். அப்புறம், அட்டை எழுதியவர் எதற்காகப் பார்த்தார் என்று யோசிக்க வேண்டும். அமைச்சர் பாலம் திறந்தார் என்றால் அட்டையில் அமைச்சர் இருப்பார். பாலத்துக்குக் கல் சுமந்த பெண்கள் நாற்பது விநாடி நடந்து வந்தாலும் அட்டையில் இருக்க மாட்டார்கள். பெண் தொழிலாளர்களைத் தேடும்போது நான் அமைச்சர்களைத் தேடுவேன். நிறையக் கிடைத்திருக்கிறது.

இணையத்தில் இருப்பதே எல்லாம் என்று நினைக்கிறவர்களைப் பார்த்தால் வருத்தமாக இருக்கும். பிரிட்டிஷ் பாத்தே என்ற பழைய செய்திப்பட நிறுவனம் 2014இல் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியது, பெரிய கொடை அது. ஆனால் பெரும்பாலான காப்பகங்களில் ஸ்கேன் செய்தது கொஞ்சம், பட்டியலிட்டது அதைவிடக் கொஞ்சம் அதிகம், பட்டியலிடாமல் கிடப்பது ஏராளம். அங்கே போக ஒரே வழி, உள்ளே வேலை செய்கிறவருக்குக் கடிதம் எழுதுவது. ‘1950கள், ரயில் நிலையம்’ என்று எழுதினால் ஒன்றும் வராது. என்ன கதை, எதற்காக, சட்டகத்துக்குள் என்ன இருக்க வேண்டும், என்ன இருந்தாலும் பரவாயில்லை என்று விவரமாக எழுதுங்கள். அவர் மனதில் எங்கேயோ ஒரு ரீல் நினைவுக்கு வரும். கேமராக்காரர் பிலிமோடு அனுப்பிய குறிப்புத்தாள் இருக்கிறதா என்று தவறாமல் கேளுங்கள். டோப் ஷீட் என்பார்கள். இடம், நாள், யார் யார், எந்த ரோலில் எது என்று அன்றைக்கே, அங்கேயே எழுதியது. எனக்கு அந்த ஒரு தாள் பத்து அட்டவணைக்குச் சமம்.

உரிமை விஷயம் சுருக்கமாக. பிலிம் கையில் வைத்திருப்பவரும் உரிமை வைத்திருப்பவரும் ஒருவரே என்று எண்ணிவிடாதீர்கள். காட்சிக்கு ஓர் உரிமை, அதில் கேட்கிற பாட்டுக்கு வேறோர் உரிமை. எத்தனை விநாடி, எந்தெந்த நாட்டில், எத்தனை ஆண்டுக்கு என்று எழுத்தில் வாங்குங்கள். படத்தொகுப்பு முடிகிற வரை டைம்கோட் என்ற நேர எண் பதித்த மாதிரிப் பிரதியோடு வேலை செய்து, கடைசியில் மூலத்திலிருந்து வாங்க வேண்டும். அந்த எண்ணை அழித்துவிட்டுத் தவிப்பவர்கள் நிறைய.

ஸ்கேன் செய்துவிட்டால் முடிந்தது என்ற நம்பிக்கையையும் கொஞ்சம் தொட்டுச் சொல்ல வேண்டும். சுருங்கிய பிலிமைப் பல்சக்கரத்தில் போட்டால் கிழியும். அதனால் பல்லே இல்லாத ஸ்கேனரில் உருளைகள் மேல் ஓட்டுகிறோம். கீறல் இருந்தால் திரவத்தில் நனைத்தபடி ஸ்கேன் செய்யலாம். பிலிம் எப்படி ஒளியை வளைக்கிறதோ ஏறக்குறைய அப்படியே வளைக்கும் திரவம் அது, கீறலுக்குள் நிரம்பியதும் கீறல் கண்ணுக்குத் தெரியாமல் போய்விடும். முதல் தடவை அதைப் பார்த்தபோது வாயடைத்துப்போனேன். எல்லாம் சரி. 35 மில்லிமீட்டரில் 1,000 அடி ரீல் 11 நிமிடம் ஓடும், 16,000 சட்டகம். 4கே அளவில் ஒவ்வொன்றும் 50 மெகாபைட்டுக்குக் குறையாது. ஒரே ரீல் 800 ஜிகாபைட். அதை எல்டிஓ என்ற, கணினித் தரவைச் சேமிக்கும் காந்த நாடாவில் எழுதி வைப்போம். நாடாவின் தலைமுறை சில ஆண்டுக்கு ஒருமுறை மாறும். 8ஆம் தலைமுறைக் கருவி 7ஆம் தலைமுறை நாடாவைப் படிக்கும், 6ஐப் படிக்காது. ஆக, ஒருமுறை எழுதியதை வாழ்நாள் முழுக்க நகலெடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். குளிர் அறையில் பிலிம் பேசாமல் இருக்கும்.

அதனால் ஸ்கேன் ஆனதும் மூலத்தைத் தூக்கிப் போடுவோர் மேல் எனக்கு ஆற்றாமை உண்டு. 1993இல் லண்டனில் ஒரு லேபில் நடந்த தீ விபத்தில் சத்யஜித் ராயின் நெகட்டிவ்கள் கருகின. அன்றைக்கு அவற்றை ஒன்றும் செய்ய முடியவில்லை. இருந்தும் எறியவில்லை, எடுத்துவைத்தார்கள். இருபது ஆண்டுக்குப் பிறகு இத்தாலியின் பொலோன்யாவில் அந்தக் கருகிய சுருள்களை நீரேற்றிப் பதமாக்கி, பிரித்து, ஓரம் சீர்செய்து, ஸ்கேன் செய்து, 2015இல் திரைக்குக் கொண்டுவந்தார்கள்.

இப்போது என்னை அதிகம் பயமுறுத்துவது வேறொன்று. 4:3 விகிதத்தில் எடுத்த படத்தை அகலத் திரைக்காக மேலும் கீழும் வெட்டுகிறார்கள். உயரத்தில் கால் பங்கு போய்விடும். என் வெள்ளக் காட்சியையும் அப்படி வெட்டியிருந்தால் முதலில் போயிருப்பது அந்த ஆன்டெனாதான். விநாடிக்கு 16, 18 சட்டகத்தில் எடுத்ததை 25இல் ஓட்டுகிறார்கள், நம் பாட்டன் பாட்டிகள் பொம்மைபோல் துள்ளித் துள்ளி ஓடுகிறார்கள். இப்போது கணினி இல்லாத சட்டகத்தை உண்டாக்குகிறது, இல்லாத வண்ணத்தைப் பூசுகிறது, மங்கலான முகத்துக்குக் கண்ணும் பல்லும் வைக்கிறது. மங்கலாக ஒரு கோடு இருந்தால் அது ஆன்டெனாவா, தூசியா, கீறலா என்று அதற்குத் தெரியாது. வழித்துத் துடைத்துவிடும். அந்தப் பிரதி இணையத்தில் பரவி, நாளைக்கு யாராவது தேடும்போது முதலில் வந்து நிற்கும். மூலம் பத்தாவது பக்கத்தில் இருக்கும். செய்யட்டும், ஆனால் செய்ததை எழுதி வைக்கட்டும். எந்த மூலம், எங்கே இருக்கிறது, என்ன மாற்றினோம் என்று மூன்று வரி போதும்.

அந்த வெள்ள ரீலுக்குப் புதிய அட்டை எழுதினேன். 35 மில்லிமீட்டர், கறுப்பு வெள்ளை, ஒலி இல்லை, அசிடேட் நெகட்டிவ், ஓரக் குறி இரண்டு முக்கோணம். வெள்ளம், தெரு, கூரையில் குடும்பம். 1961க்கு முன் இருக்க முடியாது, அநேகமாக 1962. பழைய அட்டையில் 1941 என்று இருந்தது, அது வந்த வழி இது என்று கீழே எழுதி, பழைய அட்டையை ஓர் உறையில் போட்டு டப்பாவோடேயே வைத்தேன். தயாரிப்பாளருக்கும் எழுதினேன். மறு ஒளிபரப்பில் எழுத்தை மாற்றினார்கள்.

பிறகு பெரியவரைக் கூப்பிட்டு, அவர் வசதிப்படி ஒரு நாள் வரச் சொன்னேன். பேரனோடு வந்தார். ஸ்கேனைப் பெரிய திரையில், வெட்டாமல், சரியான வேகத்தில் போட்டேன். ஏழெட்டுத் தடவை பார்த்திருப்பார். தெருவின் பெயரைச் சொன்னார், மாடி வீடு யாருடையது என்று சொன்னார். கட்டில் தூக்கி வருகிற இருவரில் முன்னால் வருகிறவரின் பெயரைச் சொன்னார். பின்னால் வருகிறவர் முகம் தண்ணீர்ப் பக்கம் திரும்பியிருந்தது, அடையாளம் தெரியவில்லை. கூரையில் இருக்கிற குடும்பத்தைப் பார்த்து, “இவங்க யாருன்னு எங்க அக்காவுக்குத் தெரியும். கேட்டுச் சொல்றேன் தம்பி” என்றார்.

அவர் சொன்னதையெல்லாம் பென்சிலில் எழுதி, யார் சொன்னது, எந்த நாள், இன்னும் சரிபார்க்கவில்லை என்று பக்கத்தில் குறித்தேன். குடும்பத்தின் பெயருக்கு ஒரு வரி விட்டிருக்கிறேன்.